முகாய் சான் உதைத்த பந்து

மலைக்கு இந்தப் பக்கம் ஹமானே, அந்தப் பக்கம் குரோசே. இரண்டு ஊருக்கும் ஒரே கடல், ஒரே மழை, ஒரே மீன், ஆனாலும் வருஷத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை மட்டும் இரண்டும் ஒன்றையொன்று முறைத்துக்கொள்ளும். அப்படி ஒரு ஞாயிற்றுக்கிழமையில்தான், நவம்பர் கடைசியில், ஹமானே நகராட்சி மைதானத்தில், ஆட்ட நேரம் முடிந்து சங்கு ஊதிய பிறகு, முகாய் சான் உதைத்த ரக்பி பந்து மேலே போனது, போய் அங்கேயே நின்றுவிட்டது.

கோல்கம்பங்களுக்கு மேலே இன்னொரு கம்பம் வைத்தால் எட்டும் உயரத்தில், முட்டைபோல இரண்டு முனையும் கூர்ந்த வெள்ளைப் பந்து, அவசரமே இல்லாமல் தன்னைத்தானே சுற்றிக்கொண்டு நின்றது. ஆறாயிரம் பேர் கழுத்தை நிமிர்த்திப் பார்த்தார்கள். உதைக்கும்போது சத்தம் போடக் கூடாது என்பது அங்கே மரியாதை, எதிராளி உதைத்தாலும் அப்படித்தான். பந்து விழுந்த பிறகுதான் வாயைத் திறக்க வேண்டும். பந்து விழவில்லை. அதனால் ஆறாயிரம் பேரும் ஒரு மணி நேரம் வாயைத் திறக்காமல் இருந்து, இருட்டத் தொடங்கியதும் பையை எடுத்துக்கொண்டு, செருப்புச் சத்தம்கூடக் கேட்காமல் படியிறங்கிப் போனார்கள். நான் துடைப்பத்தை வைத்துக்கொண்டு பதினான்காவது வரிசையில் நின்றேன். எனக்கு வந்த முதல் நினைப்பு, இது யார் தலையில் விழப்போகிறதோ என்பது. இரண்டாவது நினைப்பு, விழாமல் இருந்தால் நல்லது என்பது.

ஏன் என்று சொல்லிவிடுகிறேன். ஹமானே அணி ஒரு தொழிற்சாலையின் அணி. மீனை அரைத்து அவித்துக் கட்டியாக்கி, ஓரத்தில் ரோஸ் சாயம் பூசி விற்கிற தொழிற்சாலை. பகலில் மீன் அரைப்பார்கள், சாயங்காலம் ரக்பி ஆடுவார்கள். இருபத்தாறு ஆட்டக்காரர்களும் தங்கியிருந்த விடுதியில் சமையல்காரர் என் வீட்டுக்காரர் மிக்கேல். கப்பலில் சமைத்துக்கொண்டிருந்தவர், எப்படியோ கரையேறி, கோழிக்குழம்பு வைத்தே அந்த இருபத்தாறு பேரையும் வளைத்துப் போட்டிருந்தார். இந்த வருஷம் குரோசேயிடம் தோற்றால் அணி கீழ்வரிசைக்கு இறங்கும், இறங்கினால் அணியைக் கலைத்துவிடுவோம் என்று முதலாளி முன்கூட்டியே அறிவித்திருந்தார். அணி கலைந்தால் விடுதி இல்லை, விடுதி இல்லாவிட்டால் சமையல் இல்லை, சமையல் இல்லாவிட்டால் விசா இல்லை, மூன்று மாதத்தில் பெட்டியைக் கட்டிக்கொண்டு சொந்த ஊரான வேம்பாருக்குத் திரும்ப வேண்டியதுதான். அங்கே எங்களுக்கு என்ன இருக்கிறது. பந்து மேலே போனபோது எங்களுக்குப் பதினேழு, குரோசேக்குப் பத்தொன்பது. கம்பங்களுக்கு நடுவே விழுந்தால் எங்களுக்கு மூன்று புள்ளி, ஜெயித்துவிடுவோம். வெளியே விழுந்தால் தோற்றுவிடுவோம். மேலேயே நின்றால் இரண்டும் இல்லை.

அங்கே மரியாதைக்கு எல்லார் பெயருக்குப் பின்னாலும் சான் போடுவார்கள். நடுவர் ஹொசோகாவா சான் தபால் நிலையத்தில் வேலை பார்க்கிறவர், ஒல்லியாக, எப்போதும் மூக்கு சிவந்திருப்பவர். அவர் விசிலை வாயருகே கொண்டுபோய் ஊதாமல் வைத்திருந்தார். ரக்பியில் நேரம் முடிந்தாலும் ஆட்டம் முடியாது. பந்து செத்தால்தான், அதாவது இனி யாரும் அதை ஆட முடியாது என்று ஆனால்தான் முடியும். அப்போது நடுவர் ஊதும் விசிலுக்கு அந்த நாட்டில் நோ சைட் என்று பெயர். இனி உன் பக்கம் என் பக்கம் கிடையாது என்று அர்த்தம். அந்த விசிலுக்கு முன்னால் எதிராளியின் விலா எலும்பை உடைத்தவன்கூட, அந்த விசிலுக்குப் பிறகு அவனைத் தாங்கிப் பிடித்து உள்ளே கூட்டிப்போவான். இரண்டு அணியும் ஒரே வெந்நீர்த் தொட்டியில் இறங்கிக் குளிக்கும், ஒரே மேசையில் சாப்பிடும். மைதானத்துக்கு அடியில் ஓடு பதித்த பெரிய தொட்டி அதற்காகவே இருந்தது. அதைத் தேய்ப்பது என் வேலை. அன்றைக்கு வெந்நீர் நிரப்பி வைத்திருந்தேன். விசில் ஊதவில்லை, எனவே இரண்டு அணியினரும் குளிக்காமல், சேற்றோடு, முகம் பாராமல் வெவ்வேறு வாசல் வழியாகப் போனார்கள். நான் தண்ணீரைத் திறந்துவிட்டேன்.

மறுநாள் காலையில் தீயணைப்பு வண்டி ஏணியோடு வந்தது. ஹொசோகாவா சான் கையை உயர்த்தி, ஆட்டம் நடந்துகொண்டிருக்கிறது, வெளியாட்கள் பந்தைத் தொடக் கூடாது என்றார். அவர்கள் தலைகுனிந்து வணங்கி, ஏணியை மடக்கிக்கொண்டு போனார்கள். அதோடு அந்தப் பேச்சு முடிந்தது. பந்து ஏன் நிற்கிறது என்று யாரும் கேட்கவில்லை. யார் எங்கே நிற்க வேண்டும், எத்தனை மணிக்கு, எந்தப் படிவத்தில் என்றுதான் கேட்டார்கள்.

நகராட்சி விளையாட்டுப் பிரிவில் நொமுரா சான் என்று ஒருவர். மைதானத்துப் புல்லைத் தன் சொந்தத் தலைமுடியைவிட அக்கறையாகப் பார்ப்பவர். தலைமுடி அவருக்கு அதிகம் இல்லை. அவர்தான் ஏற்பாடு செய்தார். ரக்பிக்காரர்கள் மைதானத்தை ஐந்து மணி வரைக்கும்தான் எடுத்திருந்தார்கள், ஆட்டம் முடியாததால் தினமும் காலையில் ஒரு நீட்டிப்பு விண்ணப்பம் கொடுக்க வேண்டும். மைதானத்தில் ஆட்டம் நடப்பதாக இருந்தால் பக்கத்துக்கு ஒருவராவது நிற்க வேண்டும் என்று நடுவர் சொன்னதால், பந்தை உதைத்த இடத்தில் ஹமானேக்காரர் ஒருவரும், கம்பங்களுக்கு அடியில் குரோசேக்காரர் ஒருவரும், காலை ஒன்பதிலிருந்து மாலை ஐந்துவரை நிற்பார்கள், நடுவரும் விசிலோடு ஓரத்தில் இருப்பார், மதியம் அரை மணி உட்கார்ந்து சாப்பிடலாம், ஆனால் எதிர் எதிராகப் பார்த்து அல்ல. வாசலில் 'மேலே பந்து இருக்கிறது, கவனிக்கவும்' என்று பலகை வைத்தார்கள். துப்புரவுக்காரிகளான எங்களுக்கு ஆளுக்கொரு மஞ்சள் தலைக்கவசம் கொடுத்தார்கள். என்னுடையது பெரிது, குனிந்தால் கண்ணை மறைக்கும்.

எங்கள் தலைவி தோமொயே சான், அறுபத்திரண்டு வயது, நாக்கில் உப்பும் புளிப்பும் உள்ளவள். "பந்து விழுந்து சாகிறவளைவிட இந்தச் சட்டியைப் போட்டுக்கொண்டு படியில் தடுக்கி விழுந்து சாகிறவள்தான் அதிகம் இருப்பாள்" என்றாள். அப்படித்தான் மூன்றாம் நாளே அவள் தடுக்கி விழுந்தாள். சாகவில்லை. கவசம்தான் காப்பாற்றியது என்று நொமுரா சான் ஒரு குறிப்பு எழுதி ஒட்டிவிட்டார், அது அவளுக்குப் பெரிய அவமானம்.

டிசம்பருக்குள் ஊர் பந்துக்குப் பழகிவிட்டது. காலையில் கதவைத் திறக்கிறவர்கள் முதலில் மலையைப் பார்ப்பார்கள், பிறகு பந்தைப் பார்ப்பார்கள், பிறகு துணி காயப் போடுவார்கள். தொழிற்சாலை பந்து வடிவத்தில் மீன்கட்டி செய்தது. பருந்துகள் முதலில் அதைச் சுற்றி வந்தன, பிறகு சலித்துப்போய் விட்டுவிட்டன. பனி பெய்தபோது பந்தின் மேல்பாதியில் மட்டும் கொஞ்சம் வெள்ளை படிந்தது. ஆட்டம் முடியவில்லை என்பது எல்லாவற்றுக்கும் பதிலாகிப்போனது: பல்லைப் பிடுங்கிக்கொள்ளப் பயந்தவர்கள் ஆட்டம் முடியட்டும் என்றார்கள், ஓய்வு பெறவேண்டியவர்கள் ஆட்டம் முடியட்டும் என்றார்கள், முதலாளியும் அணியைக் கலைக்கும் கடிதத்தில் 'முடிவு' என்ற கட்டம் காலியாக இருந்ததால் முத்திரையைக் கையில் எடுத்து, ஊதி, திரும்ப டப்பாவில் வைத்தார். விடுதியில் இருபத்தாறு பேரும் தினமும் சாப்பிட்டார்கள். மிக்கேல் சந்தோஷமாகப் பருப்பு தாளித்தார். "ஏட்டி, எதுக்கு எப்பப் பாத்தாலும் மூஞ்சியைத் தூக்கி வச்சிட்டு இருக்க?" என்று கேட்டார். நான், விழுந்துருமோன்னு இருக்கு என்றேன். "விழுந்தா விழட்டும். நீ மேல பாத்துப் பாத்துத்தான் அது கீழ வரப்போவுது" என்றார். அதற்குப் பிறகு மேலே பார்ப்பதற்கும் பயமாகிவிட்டது.

ஆனால் விசில் ஊதாததால் பக்கங்கள் அப்படியே இருந்தன. மீன்சந்தையில் நடுவில் கயிறு கட்டி, குரோசேக்காரர்கள் ஒரு பக்கமும் ஹமானேக்காரர்கள் ஒரு பக்கமும் நின்று ஏலம் கேட்டார்கள். சண்டை இல்லை, வணங்கிக்கொண்டார்கள், ஆனால் பேச்சு இல்லை. நூடுல்ஸ் கடையில் பெஞ்சை இரண்டாகப் போட்டார்கள். மலைச்சுரங்கத்தில் எதிரெதிரே வரும் பேருந்து ஓட்டுநர்கள் முன்பெல்லாம் கையை உயர்த்துவார்கள், இப்போது கண்ணாடியைத் துடைத்துக்கொண்டார்கள். குரோசேயிலிருந்து ஹமானேக்குக் கட்டிக்கொடுத்த பெண்கள் பிறந்தவீட்டுக்குப் போகாமல், சுரங்கத்து வாயில்வரை போய்ப் பொட்டலத்தை வைத்துவிட்டுத் திரும்பினார்கள். ஒரு கல்யாணம் தள்ளிப்போனது. எல்லாரும் பொறுமையாக இருந்தார்கள், ஆட்டம் நடக்கும்போது எதிராளியோடு குசலம் பேசுவது நன்றாக இருக்காது இல்லையா.

கால்பந்துக்காரர்கள்தான் பாவம். அதே மைதானம் அவர்களுக்கும் சொந்தம். மற்ற நாட்களில் ரக்பிக் கம்பங்களைப் பிடுங்கிவிட்டுக் கால்பந்துக் கோலை நடுவார்கள். இப்போது கம்பங்களைப் பிடுங்க முடியாது, பந்து அவற்றுக்கு நடுவே விழக்கூடும். எனவே கம்பங்களுக்கு முன்னால் கோலை நட்டு, உதைத்த இடத்தில் நிற்பவரைச் சுற்றி ஆடினார்கள். அவர் மைதானத்தின் ஒரு பகுதி, கோல்கம்பம் மாதிரி, பந்து பட்டால் ஆட்டம் தொடரும் என்று தீர்மானம் ஆனது. மார்ச் முதல் வாரத்தில் வெளியூர் அணி அடித்த பந்து முகாய் சானின் முதுகில் பட்டுத் திரும்பி எங்கள் கோலுக்குள்ளேயே போய்விட்டது. அவர் பதினோரு ஆட்டக்காரர்களிடமும் தனித்தனியாகப் போய்த் தலைகுனிந்து மன்னிப்புக் கேட்டுவிட்டு, ஓடிவந்து திரும்பவும் அதே இடத்தில் நின்றார்.

ஆம், ஹமானே பக்கம் நின்றவர் தினமும் முகாய் சான்தான். முப்பத்தொன்பது வயது, கழுத்து கிடையாது, தோளிலிருந்து நேராகத் தலை. நான் உதைத்தது, நானே நிற்கிறேன் என்று சொல்லி வேறு யாருக்கும் முறை கொடுக்கவில்லை. ஊரில் அவருக்குப் பெரிய மரியாதை. அந்த ஒரு உதையால் அணி இருக்கிறது, விடுதி இருக்கிறது என்று ஆட்கள் வேலிக்கு அந்தப் பக்கமிருந்து அவரை வணங்கிவிட்டுப் போவார்கள். முள்ளங்கி, ஆரஞ்சு, கையால் பின்னிய கழுத்துத் துணி என்று ஏதாவது வைத்துவிட்டுப் போவார்கள். கழுத்துத் துணியை எங்கே கட்டுவது என்று தெரியாமல் அவர் இடுப்பில் கட்டிக்கொண்டார். ஒவ்வொரு முறை யாராவது வணங்கும்போதும் அவர் முகம், பல்வலிக்காரன் இனிப்பை வாயில் போட்டதுபோல ஆகும். அடக்கமானவர் என்று எல்லாரும் சொன்னார்கள்.

குரோசே பக்கம் ஆள் மாறி மாறி வந்தது. வியாழக்கிழமைகளில் வந்தவர் கோஜி சான். அன்று கம்பங்களுக்கு அடியில் பந்துக்காகக் காத்திருந்த கடைசி ஆட்டக்காரர் அவர்தான். சுங்க அலுவலகத்தில் எழுத்தர். அவருக்கும் கழுத்து கிடையாது. "பார்த்தாலே தெரியவில்லையா, முகாயின் தம்பி" என்றாள் தோமொயே சான். பன்னிரண்டு வருஷமாக அண்ணனும் தம்பியும் பேசுவதில்லை என்றும், அதற்காகத்தான் தம்பி மலைக்கு அந்தப் பக்கம் வீடு பார்த்துப் போனான் என்றும், காரணம் கேட்டால் இரண்டு பேரும் காது கேட்காதவர்கள்போல இருப்பார்கள் என்றும் சொன்னாள்.

ஜனவரியில் கோஜி சான் வியாழக்கிழமை மட்டும் வந்தார். பிப்ரவரியில் வியாழனும் செவ்வாயும் வந்தார். மார்ச்சில் செவ்வாய், புதன், வியாழன், வெள்ளி என்று வந்தார். இருபது வருஷம் எடுக்காமல் சேர்ந்துபோன விடுப்பையெல்லாம் எடுக்கிறார் என்று பேச்சு. அண்ணன் புல்லைப் பார்த்துக்கொண்டு நிற்பார். தம்பி மேலே பார்த்துக்கொண்டு நிற்பார். நடுவில் நாற்பது தப்படி. மழை பெய்தால் இருவரும் நனைவார்கள். பன்னிரண்டு வருஷத்தில் அவர்கள் இத்தனை நேரம் ஒரே இடத்தில் இருந்ததில்லை. பேசத்தான் முடியாது, ஏனென்றால் ஆட்டம் நடந்துகொண்டிருந்தது.

பிப்ரவரியில் கால்பந்துக்காரர்கள் முறையிட்டதால் நொமுரா சான் புதிதாக ஒரு படிவம் அச்சடித்தார். உதைத்தவனுக்குத் தெரியாமல் இருக்காது, உதைத்தவன் சொன்னால் அதையே முடிவாக எடுத்துக்கொள்கிறோம் என்று இரண்டு ஊரும் ஒத்துக்கொண்டிருந்தன. படிவத்தில் மூன்று கட்டம்: உள்ளே, வெளியே, தெரியாது. திங்கட்கிழமைதோறும் முகாய் சான் தெரியாது என்ற கட்டத்தில் குறி போட்டுக் கொடுத்தார். அந்தக் காலை வேளைகளில் அவர் பேனாவை மூடிய பிறகுதான் வாளியைத் தூக்குவேன்.

மூன்றாவது திங்கட்கிழமை, நான் யாரும் குளிக்காத தொட்டியைத் தேய்த்துக்கொண்டிருந்தபோது, குடுவையில் வெந்நீர் பிடிக்க அவர் உள்ளே வந்தார். பிடித்த பிறகும் போகவில்லை. அவர் பேசியது அவர் மொழியில்தான், என் காதில் இப்படித்தான் விழுந்தது.

"பிரகாசி சான், அந்தப் பந்து உள்ள போகாது."

நான் தேய்ப்பதை நிறுத்தவில்லை. நிறுத்தினால் அது உண்மையாகிவிடும்போல இருந்தது.

"காலுக்குத் தெரியும். தொட்ட உடனே தெரிஞ்சுபோச்சு. வலது கம்பத்துக்கு வெளிய, ரெண்டு கை தள்ளி விழும். நான் கெடுத்துட்டேன். கெடுத்ததுக்கு ஊரே கும்பிடுது."

நான் என்ன சொல்லியிருக்க வேண்டும் என்று இன்றைக்கு வரைக்கும் யோசிக்கிறேன். அன்றைக்குச் சொன்னது இதுதான்: "மேலதான இருக்கு? விழும்போது பாத்துக்கலாம். நீங்க சும்மா இருங்க, முகாய் சான். நீங்க வாயத் திறந்தா இருபத்தாறு பேரு நடுத்தெருவுல நிப்பாங்க. என் வீட்டுக்காரரோட சேத்து இருபத்தேழு."

அவர் தொட்டியின் விளிம்பில் உட்கார்ந்தார். வருஷத்துக்கு ஒரு நாள் இந்தத் தொட்டியில்தான் தம்பியோடு பேசுவேன் என்றார். விசில் ஊதியதும் பக்கம் இல்லை, பக்கம் இல்லாவிட்டால் சண்டையும் இல்லை, தம்பி முதுகை அவர் தேய்ப்பார், அவர் முதுகைத் தம்பி தேய்ப்பான், அந்த ஒரு மணி நேரத்தில் எல்லாவற்றையும் பேசுவார்கள், துண்டைக் கட்டிக்கொண்டு வெளியே வந்ததும் அவன் அவன் வழி. பதினொரு தடவை அப்படி நடந்திருக்கிறது. இது பன்னிரண்டாவது. சொல்லிவிட்டு, நான் கேட்டுவிடுவேனோ என்று பயந்தவர்போலச் சண்டையின் காரணத்தைச் சொல்லாமலே எழுந்துபோனார். நான் கேட்கவும் இல்லை. எனக்கு விடுதிதான் கண்ணில் நின்றது. அதற்குப் பிறகு ஒவ்வொரு திங்கட்கிழமையும், குறி போடுவதற்கு முன்னால் அவர் என் பக்கம் பார்ப்பார். நான் வேண்டாம் என்று தலையை ஆட்டுவேன். அவர் தெரியாது என்று போடுவார்.

அங்கே ஏப்ரல் முதல் தேதிதான் எல்லாம் மாறும். பள்ளிக்கூடம் திறப்பதும் அந்தத் தேதியை ஒட்டித்தான், உத்தியோகஸ்தர்களை மாற்றுவதும் அன்றைக்குத்தான். எங்கே போகிறோம் என்று இரண்டு வாரத்துக்கு முன்னால்தான் சொல்வார்கள், யாரும் ஏன் என்று கேட்கமாட்டார்கள். மார்ச் நடுவில் கோஜி சானுக்கு மாற்றல் வந்தது. வடக்கே, பனிக்கட்டி மிதக்கிற கடலோரத்தில் ஒரு துறைமுகம். ரயிலும் கப்பலுமாக இரண்டு நாள். திரும்ப எப்போது வருவார் என்று கேட்டதற்கு, ஆறு வருஷமாகலாம், பத்து வருஷமாகலாம் என்றார்கள். இனி அவர் குரோசேக்கு ஆட வரமாட்டார். இந்தப் பேச்சு சந்தை வழியாகப் பக்கம் மாறி எங்கள் ஊருக்கு வந்துசேர்ந்த அன்று, முகாய் சான் கொண்டுவந்த சோற்றுப் பெட்டியைத் திறக்கவே இல்லை. நான் பார்த்தேன். பார்த்தும் அடுத்த திங்கட்கிழமை தலையை ஆட்டினேன்.

மார்ச் முப்பதாம் தேதி, கோஜி சானின் கடைசி முறை. செர்ரி இன்னும் விரியவில்லை, மொட்டுகள் மட்டும் சிவந்திருந்தன. மதியம் கழிந்து, மைதானத்தில் இருபது முப்பது பேர்தான் இருந்தார்கள். நான் கிழக்கு வரிசைகளைப் பெருக்கிக்கொண்டிருந்தேன். திரும்பிப் பார்த்தால், நான்கு மாதமாகத் தம்பி பக்கம் ஓர் அடியும் வைக்காத முகாய் சான் நடந்து வந்துகொண்டிருந்தார், நேராக, கம்பங்களை நோக்கி. முழங்கால்கள் மரத்துப்போன மனிதனுடைய நடை. ஹொசோகாவா சான் பதறி அவருக்குப் பின்னாலேயே வந்தார். உதைத்தவன் முன்னேறி ஓடலாம் என்பது விதி, நடக்கக் கூடாது என்று விதி எதுவும் இல்லை. நான் துடைப்பத்தோடு கம்பிவேலிவரை இறங்கினேன். தடுக்கத்தான் இறங்கினேன், வேறு காரணம் சொன்னால் பொய். ஆனால் வேலியைத் தாண்டிப் புல்லில் கால் வைக்க எனக்கு அனுமதி இல்லை.

தம்பிக்கு முன்னால் மூன்று தப்படி தள்ளி நின்று, "வெளிய போகுதுடா" என்றார் முகாய் சான். "வலது பக்கம்."

கோஜி சான் மேலேயே பார்த்துக்கொண்டிருந்தார். "தெரியும்ணே."

"எப்ப தெரியும்?"

"நீ ஓடி வரும்போதே. சின்ன வயசுலயும் பயந்தா வலது தோள முன்னால குடுத்துருவ."

"அப்ப ஏன் உங்காளுங்ககிட்ட சொல்லல?"

"சொல்லியிருந்தா நாங்க ஜெயிச்சிருப்போம்" என்றார் கோஜி சான்.  ஜெயித்திருந்தால் அண்ணனுடைய அணி இருந்திருக்காது, அவர் வாரத்துக்கு நான்கு நாள் இங்கே வந்து நிற்கவும் வேண்டியிருந்திருக்காது என்பதை நான்தான் வேலிக்கு இந்தப் பக்கம் நின்று கூட்டிப் பார்த்துக்கொண்டேன்.

அவர்கள் பேசியதால்தான் பந்து விழுந்தது என்று நான் சொல்லமாட்டேன். ஹமானேயில் யாரும் அப்படிச் சொல்வதில்லை. பந்து விழுந்தது, அவ்வளவுதான். வலது கம்பத்துக்கு வெளியே, இரண்டு கை தள்ளி, ஈரத்துணி விழுகிற சத்தத்தோடு விழுந்து, முனையில் குத்தி, கோணலாக எகிறி, கோட்டுக்குப் பின்னால் உள்ள புல்லில் உருண்டது. நான் எல்லாம் முடிந்தது என்று நினைத்தேன். முடியவில்லை. கம்பத்துக்கு நடுவே போகாவிட்டாலும் பந்து இன்னும் உயிரோடுதான் இருந்தது. முகாய் சான் அதன்மேல் விழுந்து தரையோடு அழுத்தினால் ஐந்து புள்ளி, ஹமானே ஜெயித்துவிடும். கோஜி சான் அழுத்தினால் பந்து செத்துவிடும், குரோசே ஜெயித்துவிடும். பந்துவரை முகாய் சானுக்கு ஆறு தப்படி. கோஜி சானுக்கு ஏழு.

இரண்டு பேரும் ஓடினார்கள். விட்டுக்கொடுக்கிற ஓட்டம் இல்லை அது. நாற்பதை நெருங்குகிற இரண்டு கனத்த மனிதர்கள், நான்கு மாதக் குளிர் இறங்கிய முழங்கால்களோடு, பல்லைக் கடித்துக்கொண்டு, ஒருவர் தோளை ஒருவர் இடித்துத் தள்ளிக்கொண்டு ஓடி, ஒரே நேரத்தில் பாய்ந்து, பந்தின்மேல் ஒரு குவியலாக விழுந்தார்கள். சேறு என் முகம்வரை தெறித்தது. நான் முகாய் சானின் கையை மட்டும் பார்த்து, மனதுக்குள் மாதாவே மாதாவே என்றேன்.

ஹொசோகாவா சான் ஓடிவந்து முழங்காலிட்டுக் குனிந்தார். இரண்டு முதுகும் பந்தை மறைத்துக்கொண்டிருந்தன. குவியலில் நான்கு கை, எது யாருடையது என்று தெரியாத அளவு சேறு. அவர் யாருடைய கை முதலில் என்று கேட்டார். ஆட்டத்தில் நடுவர் அப்படிக் கேட்பது கிடையாதாம், ஆனால் நான்கு மாதம் விசிலை ஊதாமல் வைத்திருந்த மனிதர் தப்பாக ஊத விரும்பவில்லை.

முகாய் சான் எழுந்து உட்கார்ந்தார். என்னைப் பார்க்கவில்லை. நான் தலையை ஆட்டத் தயாராக வேலியைப் பிடித்துக்கொண்டு நின்றேன், அவர் இந்தப் பக்கம் திரும்பவே இல்லை.

"தம்பி கைதான் முதல்ல" என்றார். "ஒரு விரல் முந்தி."

அது உண்மை. அவர்கள் விழும்போதே வேலியிலிருந்து நானும் பார்த்தேன். ஹொசோகாவா சான் எழுந்து நின்று, நிமிர்ந்து, விசிலை வாயில் வைத்து நீளமாக ஊதினார். அந்தச் சத்தம் முதலில் துருப்பிடித்ததுபோல வந்து, பிறகு சரியாகி, மைதானத்தின் காலி இருக்கைகளையெல்லாம் தொட்டுக்கொண்டு வெளியே போனது. தெருவில் சைக்கிள்கள் நின்றன. சந்தையில் நடுவில் இருந்த கயிற்றை யாரோ அவிழ்த்தார்கள் என்று பிறகு கேள்விப்பட்டேன். அன்று சாயங்காலம் சுரங்கத்தில் பேருந்துகள் நடுவழியில் நின்று, ஓட்டுநர்கள் சன்னல் வழியாகப் பேசிக்கொண்டதில் இரண்டு ஊருக்கும் பஸ் அரை மணி தாமதம். யாரும் புகார் எழுதவில்லை.

நான் கீழே ஓடிப்போய்த் தொட்டிக்கு வெந்நீர் திறந்துவிட்டேன். அழுதுகொண்டுதான் திறந்தேன், ஆனால் சூடு சரியாக இருக்கிறதா என்று கையை விட்டுப் பார்த்துத்தான் திறந்தேன். அண்ணனும் தம்பியும் உள்ளே போனார்கள். நான் தாழ்வாரத்தில் துண்டு மடிக்கிற சாக்கில் நின்றேன். பேச்சுச் சத்தமே இல்லை. தண்ணீர் ஊற்றும் சத்தம், தேய்க்கும் சத்தம், அவ்வளவுதான். பத்து நிமிஷத்தில் வெளியே வந்து, முகம் சிவந்து, ஒருவரையொருவர் வணங்கி, தனித்தனி வாசல் வழியாகப் போய்விட்டார்கள்.  இந்த ஒரு மணி நேரத்துக்காகவா எங்கள் பிழைப்பை உடைத்தீர்கள், அதையும் பேசாமல் வீணாக்கிவிட்டீர்களே என்று நினைத்தேன். தோமொயே சானிடம் சொன்னேன். "ஆண்பிள்ளைகளுக்கு வெந்நீரில் பேச்சு வரும் என்று யார் சொன்னது" என்றாள்.

முதலாளி அன்று மாலையே கட்டத்தை நிரப்பி முத்திரை குத்திவிட்டார். விடுதியை மூட ஒரு மாதம் தவணை. மிக்கேல் செய்தியைக் கேட்டுவிட்டு அடுப்பை அணைக்காமல், இருபத்தாறு பேருக்கும் கோழி வாங்கிவந்து குழம்பு வைத்தார். "விழுந்துட்டுல்லா, இனி நீ நிம்மதியா மேல பாக்கலாம்" என்றார். அடுத்த வேலை கிடைத்ததா இல்லையா என்பது தனிக் கதை, அது இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது, அதைப்பற்றிக் கவலைப்பட எனக்கு வேறு நேரம் இருக்கிறது.

மறுநாள், முப்பத்தொன்றாம் தேதி காலை, நொமுரா சானும் ஆட்களும் கம்பங்களைப் பிடுங்க வந்தார்கள். ஒன்பது மணிக்கு முகாய் சான் வந்து தன் இடத்தில் நின்றார். அணி கிடையாது, ஆட்டம் கிடையாது, விண்ணப்பமும் கிடையாது. சிறிது நேரத்தில் கோஜி சான் ஒரு பெரிய பெட்டியை இழுத்துக்கொண்டு வந்து, அதை வேலியோரம் வைத்துவிட்டு, கம்பங்களுக்கு அடியில் போய் நின்றார். அவருக்கு நான்கு மணிக்கு ரயில். நொமுரா சான் எந்தப் படிவம் என்று யோசித்துப் பார்த்துவிட்டு, அப்படி ஒரு படிவம் இல்லாததால், ஆட்களைக் கூட்டிக்கொண்டு மைதானத்தின் மறுமுனையில் உள்ள கம்பங்களை முதலில் பிடுங்கப் போனார்.

நான் கிழக்கு வரிசையில் பெருக்கிக்கொண்டிருந்தேன். நாற்பது தப்படி நடுவில் விட்டுக்கொண்டு, ஒருவர் புல்லைப் பார்த்தபடி, ஒருவர் ஒன்றுமில்லாத வானத்தைப் பார்த்தபடி நின்றார்கள். பிறகு முகாய் சான் இரண்டு கையையும் வாயைச் சுற்றிக் குவித்துக் கூப்பிட்டார்.

"முழங்கால் எப்படிடா இருக்கு?"

"இடதுதான் வலிக்குது" என்று கோஜி சான் அங்கிருந்து கத்தினார். "உனக்கு?"

"ரெண்டும்."

நேற்று இடித்தது எந்தத் தோள் என்று அண்ணன் கேட்டார், தம்பி சொன்னார். வடக்கே போட்டுக்கொள்ளக் கம்பளிச் சட்டை இருக்கிறதா என்று கேட்டார், இல்லை என்று பதில் வந்தது. இப்படியே, சந்தையில் ஏலம் கேட்கிறவர்கள்போலத் தொண்டை கிழிய, சோறு சாப்பிடும்போதும் நிறுத்தாமல், மூன்று மணிவரை பேசிக்கொண்டே இருந்தார்கள். சண்டைக்குக் காரணமான பேச்சும் அதில் வந்திருக்க வேண்டும். ஒரு சமயம் இரண்டு பேரும் கையை வீசிக்கொண்டு ஒரே நேரத்தில் கத்தினார்கள். மறுமுனையில் கம்பம் பிடுங்கும் இயந்திரம் போட்ட இரைச்சலில் எனக்கு அது காதில் விழவில்லை. அவர்களுக்கு விழுந்தது.